கும்பகோணத்தில் ஒரு மாடிக் கடை, காரைக்காலில் இருந்து வந்த ஒரு பசிபிக் ஆல்பம்

கடைக்குப் பெயர்ப் பலகை கிடையாது. கும்பகோணம் பெரிய தெருவில் பாத்திரக் கடைகளைத் தாண்டி ஒரு சந்தில் திரும்பினால், ஈயம் பூசுகிறவர் உட்கார்ந்திருக்கும் திண்ணைக்கு எதிரே ஒரு மரப்படி தெரியும். அதில் ஏறினால் மாடியில் இருக்கிறது. படிக்குக் கைப்பிடி இல்லை. முழங்கால் வலி உள்ளவர்கள் கீழே நின்று குரல் கொடுத்தால் கடைக்காரரே இறங்கி வந்து பேசுவார். ஆனால் சரக்கு எதையும் கீழே கொண்டுவரமாட்டார். "மழை பெய்தால் யார் பொறுப்பு?" என்பார். நான் போனது சித்திரை மாதம்.

காலை பத்தரைக்குத் திறந்து ஒரு மணிக்கு மூடுகிறார். மாலை நான்கரைக்கு மறுபடி திறக்கும் என்று அட்டையில் எழுதி மாட்டியிருக்கிறார். நான் போன மூன்று மாலைகளில் ஒரு மாலைதான் அப்படித் திறந்தது. பழைய நாணயம், பழைய பத்திரத்தாள், ஜமீன் காலத்து ரசீது என்று எல்லாம் வைத்திருந்தாலும், உயிர் என்னவோ அஞ்சல்தலையில்தான். மலாயா, பர்மா, இலங்கைத் தலைகள் கட்டுக் கட்டாக இருக்கின்றன. டெல்டாவில் எந்த வீட்டுப் பரணைத் தட்டினாலும் பினாங்கு, ஈப்போ, ரங்கூன் முத்திரை விழுந்த உறைகள் கொட்டும். நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறியவர்களின் ஊர் இது. அதனால் அவற்றுக்கு இங்கே விலை இல்லை. நூறு தலை இருநூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது. புதிதாகச் சேர்க்கத் தொடங்கும் பிள்ளைகளுக்கு அதை வாங்கிக் கொடுக்கலாம்.

நான் வாங்கியது வேறு. அதைப் பற்றித்தான் எழுதவேண்டும்.

என்னைப் பற்றி ஒரு வரி. பாபநாசம் வட்டத்தில் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் 31 ஆண்டுகள் உரம் பில் போட்டு ஓய்வுபெற்றவன். பள்ளிக்கூட நாளில் தலை சேர்த்தேன், பிறகு விட்டுவிட்டேன், இப்போது மறுபடி பிடித்துக்கொண்டது. "பசிபிக் தீவுகள் ஏதாவது இருக்கிறதா?" என்று சும்மா கேட்டேன். கடைக்காரருக்கு எழுபத்தைந்துக்கு மேல் இருக்கும். என்னைத் தம்பி என்கிறார். "உட்காருங்கள் தம்பி" என்று சொல்லிவிட்டு, பச்சைத் துணி அட்டை போட்ட ஒரு ஆல்பத்தை உள்ளறையில் இருந்து எடுத்துவந்தார். மேலே அவர் கையெழுத்தில்: "பசிபிக். 118 தலை. 14 நாடு."

காரைக்காலில் ஒரு வீடு விற்பனைக்கு வந்தபோது அலமாரியோடு சேர்ந்து வந்ததாம். பிரெஞ்சுப் படையில் இருந்து, சில ஆண்டுகள் பசிபிக்கில் நியூ கலிடோனியாவின் தலைநகரான நூமெயாவில் வேலை பார்த்தவர் சேர்த்தது என்றார். ஆல்பத்தில் பெயர் இல்லை. ஊதா மையில் பிரெஞ்சுக் குறிப்புகள் மட்டும் இருக்கின்றன. அரசலாறு கும்பகோணத்தைத் தொட்டு ஓடிக் காரைக்காலில் கடலில் கலக்கிறது. ஆல்பம் அந்த ஆற்றை எதிர்த்து மேலே வந்திருக்கிறது. 2,200 ரூபாய் சொன்னார். 1,750-க்கு முடிந்தது. அந்த ஐம்பது ரூபாய்க்கு மட்டும் கால் மணி நேரம் பேசினோம்.

முதலில் குறைகளைச் சொல்லிவிடுகிறேன். எண்ணிப் பார்த்ததில் 116 தலைகள்தான். இரண்டு இடத்தில் ஒட்டுத்தாளின் தழும்பு மட்டும் இருக்கிறது. பத்துப் பன்னிரண்டு தலைகளுக்கு ஓரத்துப் பல் உடைந்திருக்கிறது. அந்துருண்டை வாசனை இன்றுவரை போகவில்லை. என் மனைவி ஆல்பத்தைத் திண்ணைக்கு மாற்றிவிட்டாள். நாடு பதினான்கு என்பதும் தவறு. நியூ ஹெப்ரிடீஸ் என்று ஆங்கிலத்தில் அச்சிட்ட தலைகளை ஒரு நாடாகவும், அதே பெயரைப் பிரெஞ்சில் அச்சிட்ட தலைகளை இன்னொரு நாடாகவும் கணக்குப் பண்ணியிருக்கிறார்.

அதைச் சொன்னதும் கடைக்காரருக்குக் கோபம் வந்துவிட்டது. "இரண்டு பெயர், இரண்டு மொழி. இரண்டு நாடுதானே?" அவர் கேட்டதில் நியாயமே இல்லை என்று சொல்லமுடியாது. 1906-இல் பிரிட்டனும் பிரான்சும் சேர்ந்து, யாரும் யாருக்கும் விட்டுக்கொடுக்காமல், அந்தத் தீவுகளைக் கூட்டாக ஆளத் தொடங்கின. இரண்டு காவல்படை, இரண்டு சிறை, இரண்டு மருத்துவமனை, இரண்டு பள்ளிக்கூட முறை, இரண்டு நாணயம். கூட்டு நீதிமன்றத்துக்குத் தலைமை நீதிபதியை நியமிப்பவர் ஸ்பெயின் மன்னர்! பங்காளிகள் இருவர் ஒரே வாய்க்காலுக்குத் தனித்தனி மதகு வைத்த கதைதான். வாய்க்கால் யாருடையதோ அவர்களுக்கு மட்டும் பங்கில்லை: அந்தத் தீவின் மக்கள் பிரிட்டிஷ் பிரஜையும் இல்லை, பிரெஞ்சுப் பிரஜையும் இல்லை. 1980 ஜூலை 30-இல் வனுவாட்டு என்ற பெயரோடு விடுதலை வந்தபோதுகூட, சாண்டோ தீவில் ஜிம்மி ஸ்டீவன்ஸ் என்பவர் தனி ஆட்சி அறிவித்துவிட்டார். பிரிட்டிஷ், பிரெஞ்சுப் படைகள் ஒன்றுக்கொன்று முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றன. கடைசியில் பப்புவா நியூகினியில் இருந்து படை வந்துதான் அடங்கியது. இதை எல்லாம் சொல்லி முடித்ததும் கடைக்காரர் அட்டையில் 14-ஐ அடித்து 13 என்று எழுதினார். விலையைக் குறைக்கவில்லை.

ஆல்பத்தின் அழகு எங்கே என்றால், மேலச்சுத் தலைகளில். ஒரு நாட்டுத் தலையின் மேல் இன்னொரு பெயரைக் கறுப்பு மையில் அடித்து வெளியிடுவார்கள். எனக்கு இது பழகிய வேலை. நெல் பிடிக்கச் சங்கத்துக்கு வரும் பழைய சாக்கில் வேறு ஊர்ப் பெயர் இருக்கும். தகரத்தில் எழுத்து வெட்டி, அதை வைத்து மை பூசி எங்கள் பெயரை அடிப்போம். பழைய பெயர் உள்ளே தெரிந்துகொண்டேதான் இருக்கும். இந்த ஆல்பத்தைச் சேர்த்தவருக்கும் அந்த ருசி இருந்திருக்கவேண்டும், தேடித்தேடி வாங்கியிருக்கிறார். பிஜித் தலையின் மேல் கில்பர்ட், எல்லிஸ் தீவுகளின் பெயர் அடித்த 1911-ஆம் ஆண்டுத் தலை ஒன்று. அதே கில்பர்ட், எல்லிஸ் தலையின் மேல் துவாலு என்று அடித்த 1976-ஆம் ஆண்டுத் தலை ஒன்று. எல்லிஸ் தீவுக்காரர்கள் 1974-இல் வாக்களித்துப் பிரிந்துபோனார்கள், அதுதான் துவாலு. கில்பர்ட் தீவுகள் 1979-இல் கிரிபட்டி ஆயின. கிரிபட்டி என்று நாம் எழுதுவதை அவர்கள் கிரிபாஸ் என்று வாசிக்கிறார்கள். அது 'கில்பர்ட்ஸ்' என்பதையே தங்கள் நாக்குக்கு ஏற்ப வளைத்துக்கொண்ட சொல். வெள்ளைக்காரக் கப்பல் தலைவன் ஒருவனின் பெயர் இப்படி உருமாறி நாட்டின் பெயராக நிற்கிறது.

ஒரு பக்கத்தில் மட்டும் ஆல்பத்தைச் சேர்த்தவர் பசிபிக்கை விட்டு வெளியே வந்திருக்கிறார். நியூ கலிடோனியா, தாஹித்தி, பிரெஞ்சு இந்தியா என்று மூன்று தலைகளை அருகருகே ஒட்டியிருக்கிறார். மூன்றின் மேலும் 1941-இல் அடித்த ஒரே எழுத்து: பிரான்ஸ் லிப்ர், சுதந்திர பிரான்ஸ். பாரிஸ் ஜெர்மானியர் கையில் விழுந்தபின், எதிர்த்து நின்ற பிரெஞ்சுத் தளபதி டி கால் பக்கம் சேர்ந்த காலனிகள் பலவும் இப்படி அடித்துக்கொண்டன. நூமெயாவும் காரைக்காலும் ஒரே கட்சி! தங்களுக்கே சுதந்திரம் இல்லாத ஊர்களில் கடிதம் போடுகிறவர்கள், பிரான்சுக்குச் சுதந்திரம் என்று எச்சில் தொட்டு ஒட்டியிருக்கிறார்கள். அவர் இதற்குக் குறிப்பு எதுவும் எழுதவில்லை. பக்கத்தில் ஒரு சின்ன வியப்புக்குறி மட்டும் போட்டிருக்கிறார். காரைக்கால் 1954 நவம்பரில் இந்தியாவோடு சேர்ந்தது. நியூ கலிடோனியா இன்னும் பிரான்சிடம்தான் இருக்கிறது. 2018, 2020, 2021 என்று மூன்று பொதுவாக்கெடுப்பு நடந்து மூன்றிலும் பிரிவினை தோற்றது. மூன்றாவதை, அந்த மண்ணின் பூர்வகுடிகளான கனாக் மக்களின் விடுதலைக் கட்சிகள் புறக்கணித்தன.

இனி நவுரு. இங்கே நான் கொஞ்சம் நேரம் எடுத்துக்கொள்வேன்.

நவுருப் பக்கத்தில் ஏழு தலைகள் இருக்கின்றன. பிரிட்டிஷ் தலையின் அடியில் சின்ன எழுத்தில் நவுரு என்று அடித்தது ஒன்று. ஜெர்மானியரிடம் இருந்த தீவை 1914-இல் ஆஸ்திரேலியா பிடித்துக்கொண்டதன் அடையாளம் அது. 1924-இல் வந்த வரிசையில் சரக்குக் கப்பல் படம். பிறகு 1954-இல் வந்த ஒரு தலை: கடலுக்கு மேல் நீண்ட இரும்புப் பாலம், அதில் இருந்து கப்பலுக்குள் கொட்டுகிறது பாஸ்பேட். பூதக்கண்ணாடியில் அதைப் பார்த்ததும் எனக்குச் சங்கத்துக் கிடங்கு ஞாபகம் வந்துவிட்டது. பாஸ்பேட் பாறையை அரைத்துக் கந்தக அமிலம் சேர்த்தால் சூப்பர் பாஸ்பேட். எங்கள் பக்கத்தில் 'சூப்பர்' என்று சொன்னால் போதும். குறுவைக்கும் தாளடிக்கும் அடியுரம். ஆயிரக்கணக்கான மூட்டைக்குப் பில் போட்டிருக்கிறேன். மூட்டைக்குள் இருப்பது ஒருகாலத்தில் யாருடைய ஊரோ என்று ஒருநாளும் நினைத்ததில்லை. நம் ஊருக்கு வரும் பாறை மொராக்கோ, ஜோர்டான் பக்கத்தில் இருந்து வருவது. நவுருவின் பாறை பெரும்பாலும் ஆஸ்திரேலிய, நியூசிலாந்து வயல்களுக்குப் போனது.

நவுருவின் மொத்தப் பரப்பு 21 சதுர கிலோமீட்டர். இதற்கு ஆண்டைகள் மூன்று பேர்: பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து. முதல் உலகப்போருக்குப் பிறகு மூன்றும் சேர்ந்து பிரிட்டிஷ் பாஸ்பேட் கமிஷன் என்று ஒன்றை வைத்து வெட்டி எடுத்தன. அதன் தொடக்கம் ஒரு கதவடைக் கல். சிட்னியில் ஒரு வணிக அலுவலகத்தில் கதவு மூடாமல் இருக்க வைத்திருந்த நவுருக் கல்லை, ஆல்பர்ட் எல்லிஸ் என்ற ஊழியர் 1899-இல் சோதித்துப் பார்த்தார், முதல்தரமான பாஸ்பேட். அடுத்த ஆண்டே அவர் பக்கத்துத் தீவான பனாபாவுக்குப் போய் ஓர் ஒப்பந்தம் எழுதி வாங்கினார். குத்தகைக் காலம் 999 ஆண்டுகள். குத்தகைத் தொகை ஆண்டுக்கு 50 பவுன், அல்லது அந்த மதிப்புக்குச் சரக்கு. தீவு முழுவதற்கும் மன்னர் என்று யாருமே இல்லாத ஊரில் ஒருவரை மன்னர் என்று சொல்லிக் கைநாட்டு வாங்கினார்கள். தஞ்சாவூர்ப் பக்கம் மூன்று போகத்துக்குக் குத்தகை எழுதுவதற்கே இரண்டு சாட்சியும் ஒரு சண்டையும் வேண்டும்.

ஆல்பத்தில் பனாபாவும் இருக்கிறது, ஓஷன் தீவு என்ற பெயரில். 1939 வரிசையின் ஒரு ஷில்லிங் தலை. அதிலும் அதே மாதிரி இரும்புப் பாலம். ஜப்பானியர் 1942-இல் வந்தார்கள். மக்களைப் பல தீவுகளுக்குப் பிரித்து அனுப்பினார்கள். போர் முடிந்ததும் பிரிட்டிஷ் அரசு அவர்களைச் சொந்த ஊருக்குத் திருப்பி அனுப்பவில்லை. 1945 டிசம்பரில் பிஜி நாட்டைச் சேர்ந்த ரபி தீவில் கொண்டுபோய் இறக்கியது. ரபியை வாங்கிய பணம்கூட அவர்களுடைய பாஸ்பேட் நிதிதான். பனாபாவில் பாஸ்பேட் தீர்ந்தது 1979-இல். அந்த ஆண்டுதான் கிரிபட்டிக்கு விடுதலை கொடுத்தார்கள்.

நவுருக்காரர்கள் கெட்டிக்காரர்கள். ஜப்பானியர் சூக் தீவுக்குக் கொண்டுபோன 1,200 பேரில் 737 பேர் 1946 ஜனவரி 31 அன்று திரும்பி வந்தார்கள். அதே ஜனவரி 31-ஐத் தேர்ந்து 1968-இல் விடுதலை நாளாக வைத்துக்கொண்டார்கள். ஹாமர் டிரோபர்ட் முதல் அதிபர். சுரங்கத்தைத் தாங்களே வாங்கினார்கள். மெல்போர்னில் 52 மாடிக் கட்டடம் கட்டினார்கள். சொந்தமாக விமானம் ஓட்டினார்கள். வெட்டிப்போட்ட நிலத்தைச் சீர்செய்து தரவேண்டும் என்று 1989-இல் ஆஸ்திரேலியாவைச் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தார்கள், 1993-இல் 10.7 கோடி ஆஸ்திரேலிய டாலருக்குச் சமரசம் ஆனது. அப்புறம் பாறையும் தீர்ந்தது, பணமும் கரைந்தது. 2001 முதல் ஆஸ்திரேலியா தன் கரைக்கு வரும் அகதிகளை அடைத்து வைக்க அந்தத் தீவைப் பயன்படுத்தியது. 2007-இல் அங்கே கொண்டுபோய் வைக்கப்பட்டவர்களில் இலங்கையர் எண்பது பேருக்கு மேல், பெரும்பாலும் தமிழர்கள். கடைக்காரரிடம் இதைச் சொன்னேன். அவர் தலையைச் சாமணத்தால் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "இவ்வளவு சின்ன ஊரா?" என்றார்.

சமோவாப் பக்கத்தில்தான் ஒரு தகராறு. ஜெர்மன் காலத்துத் தலை, ஜெர்மன் பேரரசர் கைசரின் உல்லாசக் கப்பல் படம், மேலே ஜி.ஆர்.ஐ. என்று அடித்தது. 1914 ஆகஸ்ட் 29-இல் நியூசிலாந்துப் படை இறங்கி, அஞ்சலகத்தில் இருந்த ஜெர்மன் தலைகளின் மேலேயே அடித்து விற்ற வரிசை இது. ஜார்ஜ், மன்னர், பேரரசர் என்பதன் லத்தீன் முதலெழுத்துகள். கடைசி எழுத்து, பேரரசர், இந்தியாவை வைத்து வந்த பட்டம். நம் பெயரில்தான் சமோவாவில் முத்திரை குத்தியிருக்கிறார்கள். ஆனால் இந்தத் தலை போலி என்பது என் முடிவு. அசல் என்றால் ஆல்பம் முழுவதற்கும் சொன்ன விலையைவிட அதற்கு மட்டுமே அதிகம் ஆகும். எழுத்தும் வழவழப்பாக, நேற்று அடித்தது மாதிரி இருக்கிறது. வாங்கி இரண்டு நாள் கழித்துப் போய்க் காட்டினேன். "நான் அசல் என்று சொன்னேனா தம்பி?" என்று கேட்டார். சொல்லவில்லைதான். ஆனாலும் குறைந்துபோன இரண்டு தலைகளையும் சேர்த்து 150 ரூபாய் திருப்பிக் கொடுத்தார். முன்பு ஒரு முறை வெளியூர் வியாபாரி ஒருவரிடம் தபாலில் வாங்கி ஏமாந்தபோது கடிதத்துக்குப் பதில்கூட வரவில்லை. அதை நினைத்தால் இது எவ்வளவோ மேல்.

போலியோ அசலோ, சமோவாவின் கதை அசல். 1918 நவம்பரில் டலூன் என்ற கப்பலைத் தனிமைப்படுத்தாமல் தலைநகர் ஆபியாவில் ஆட்களை இறங்கவிட்டதால் விஷக்காய்ச்சல் பரவி, ஐந்தில் ஒருவர் செத்துப்போனார்கள். பக்கத்திலேயே அமெரிக்கர் ஆண்ட சமோவாவில் கப்பலைத் தடுத்தார்கள். அங்கே ஒரு சாவும் இல்லை. அதன்பிறகு எழுந்த 'மாவ்' என்ற அறவழி இயக்கத்தின் ஊர்வலத்தில் 1929 டிசம்பர் 28 அன்று நியூசிலாந்துப் போலீஸ் சுட்டது. பசிபிக் தீவுகளில் முதலில் விடுதலை பெற்றது இந்தச் சமோவாதான், 1962-இல்.

பிஜிப் பக்கத்தை வேகமாகப் புரட்டத்தான் நினைத்தேன். பாரதி படித்தவர்களுக்கு அது ஏற்கெனவே தெரிந்த துக்கம். ஆனால் அங்கே இரண்டு தலைகளை ஒட்டி, கீழே 'ஆளில்லாதது, ஆளுள்ளது' என்று பிரெஞ்சில் எழுதியிருக்கிறார். 1938-இல் ஒன்றரைப் பென்னித் தலைக்குப் பாய்மரப் படகு வரைந்தவர்கள், படகை ஓட்ட ஆளை வரைய மறந்துவிட்டார்கள். படகு தானாகவே போகிறது. பிறகு திருத்தி ஓர் ஆளை உட்காரவைத்தார்கள். அதே வரிசையில் ஐந்து பென்னித் தலையில் கரும்பு இருக்கிறது. வெட்டுகிற ஆள் இல்லை. அதை யாரும் திருத்தவில்லை.

வெட்டியவர்கள் யார் என்பதற்கு நாம் வெகுதூரம் போகவேண்டாம். தீவுத் தலைவர்கள் 1874-இல் பிஜியைப் பிரிட்டனுக்கு எழுதிக்கொடுத்தார்கள். பிஜிக்காரர்களைத் தோட்ட வேலைக்கு இழுக்கக்கூடாது என்று கவர்னர் கார்டன் முடிவெடுத்தார்; அதனால் ஆள் பிடிக்க இந்தியாவுக்கு வந்தார்கள். 1879 மே 14-இல் லியோனிடாஸ் என்ற முதல் கப்பல் கல்கத்தாவில் இருந்து போய்ச் சேர்ந்தது. 1903 முதல் சென்னையில் இருந்தும் கப்பல். மொத்தம் போன சுமார் 60,000 பேரில் சென்னைத் துறைமுகத்தில் ஏறியவர்கள் ஏறக்குறைய 15,000. ஐந்தாண்டு ஒப்பந்தம், அக்ரிமெண்ட் என்ற சொல் நாக்கில் தேய்ந்து 'கிர்மிட்' ஆனது. கிர்மிட் முடிந்தவர்கள் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்தார்கள், 1926-இல் தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம் வைத்துப் பள்ளிக்கூடம் கட்டினார்கள். நிலம் மட்டும் சொந்தம் ஆகவில்லை. முப்பதாண்டுக் குத்தகைகள் 1997 முதல் ஒவ்வொன்றாக முடியத் தொடங்கின. இடையில் 1987-இல் ராணுவ அதிகாரி ரபூக்கா, இந்தியர் ஆதரவு பெற்ற அரசைக் கவிழ்த்தார். அந்தத் தேதியும் மே 14.

டோங்காவின் வாழைப்பழ வடிவத் தலை ஒன்று இருக்கிறது, 1969-இல் வந்தது. என் பேத்தி அதை மட்டும் கேட்டு அழுதாள். கொடுக்கவில்லை.

யார் போகலாம், யார் போகவேண்டாம்? முதலீடு, லாபம் என்று வருகிறவர்கள் படி ஏறவேண்டாம். பூதக்கண்ணாடி கையோடு கொண்டுபோங்கள். கடையில் இருப்பது கீறல் விழுந்தது. பணம் ரொக்கமாக வேண்டும். எண்ணிப் பார்த்து வாங்குங்கள், அவர் கோபித்துக்கொள்ளமாட்டார். சீட்டில் எழுதியிருக்கும் நாட்டுப் பெயரை நம்பாதீர்கள். உட்கார்ந்து ஒரு மணி நேரம் புரட்டிவிட்டு ஒன்றும் வாங்காமல் எழுந்தாலும் முகம் சுளிக்கமாட்டார். கீழே இருந்து காப்பி வரவழைப்பார், காப்பி நன்றாக இருக்கும். ஐந்துக்கு மூன்றரை தருவேன். படிக்குக் கைப்பிடி வைத்தால் நான்கு.

உள்ளறை மேசை இழுப்பறையில் இன்னொரு உறையையும் காட்டினார். டச்சு நியூகினித் தலைகளின் மேல் ஐ.நா. இடைக்கால நிர்வாகத்தின் எழுத்து அடித்த வரிசை. 1962 அக்டோபரில் தொடங்கி 1963 மே மாதம் இந்தோனேசியாவிடம் ஒப்படைக்கும்வரை, ஏழே மாதம் நீடித்த ஆட்சி. 900 ரூபாய் சொன்னார். 600 என்றேன். ஒன்றும் பேசாமல் இழுப்பறையை மூடிவிட்டார். குறுவைக்கு உரம் வாங்கிய பிறகு கையில் மிச்சம் இருந்தால் மறுபடி போய் 700 என்று கேட்டுப் பார்க்கவேண்டும்.